அழுகும் பழமும் அழுகாத பேனையும்

பிரித்தானியக் கலைஞரான சாம் டெய்லர்-வூட் (இப்போது சாம் டெய்லர்-ஜோன்சன்) 2001இல் ஒரு சிறு படம் எடுத்தார். நான்கு நிமிடங்கள்கூட ஓடாத படம். கதை இல்லை, பாத்திரம் இல்லை, வசனம் இல்லை. மேசையொன்றில் பழத்தட்டு இருக்கிறது. கமரா அசையாமல் அதையே பார்த்துக்கொண்டிருக்கிறது. பல நாட்கள் எடுத்த காட்சிகள் விரைவுபடுத்தப்பட்டிருப்பதால் நம் கண்முன்னே பழங்களின் தோல் மங்குகிறது. சாம்பல் நிறப் பூஞ்சணம் படர்கிறது. பழங்கள் ஒன்றுக்குள் ஒன்றாக அமிழ்கின்றன. கடைசியில் தட்டில் மிஞ்சுவது கறுத்த ஒரு குவியல்.

17ஆம் நூற்றாண்டின் டச்சு ஓவியர்கள் பழத்தையும் மண்டையோட்டையும் அணைந்த மெழுகுதிரியையும் அருகருகே வரைந்து உலக வாழ்வின் நிலையாமையைச் சொன்னார்கள். ஆனால் அவர்கள் வரைந்த திராட்சை இன்றும் நூதனசாலைச் சுவர்களில் பழுத்தபடியே தொங்குகிறது. நிலையாமையை நிலையான பொருளில் சொன்னவர்கள் அவர்கள். டெய்லர்-வூட் பழத்தையே அழுகவிட்டார். அத்தோடு தட்டின் பக்கத்தில் மலிவான பிளாஸ்டிக் பேனையொன்றையும் போட்டுவைத்தார். படம் தொடங்கும்போது அது எப்படிக் கிடந்ததோ, முடியும்போதும் அப்படியே கிடக்கிறது. மண்ணிலிருந்து வந்தது மண்ணை நோக்கிப் போகிறது. தொழிற்சாலையிலிருந்து வந்ததோ போக்கிடமின்றிக் கிடக்கிறது. இவ்விரண்டில் எது நம்மை அச்சப்படுத்த வேண்டும்?

கடந்த அறுபது ஆண்டுகளுக்கு மேலாக, அழுகும் பொருள், உருகும் பொருள், உண்ணும் பொருள் ஆகியவற்றைக் கொண்டு சிற்பிகளும் பரிசோதனைத் திரைப்படக்காரரும் இக்கேள்வியைப் பல விதமாகக் கேட்டு வந்திருக்கின்றனர். இவற்றை வெறும் வேடிக்கை என்று ஒதுக்குவோர் உண்டு. "உணவை வீணாக்குவதும் ஒரு கலையா?" என்று கோபிப்போரும் உண்டு. முதலாமவரோடு வாதிட அதிகம் இல்லை. இரண்டாமவரின் கோபம் ஓர் ஒழுக்கக் கேள்வியிலிருந்து வருகிறது. அதற்கு நேர்மையான பதில் தேட முடியுமா என்று பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

*

நம் மொழியில் 'ஆக்குதல்' என்று ஒரு வினை உண்டு. கவிதையும் கதையும் ஆக்கங்கள். அவற்றை எழுதுவோர் ஆக்க இலக்கியகர்த்தாக்கள். அதே வினையால்தான் நாம் சோறும் ஆக்குகிறோம், கறியும் ஆக்குகிறோம். 'படைப்பு' என்ற சொல்லை மனிதரின் காரியத்துக்குப் பாவிக்க நம்மில் சிலர் தயங்குவதுண்டு. படைத்தவன் ஒருவனே என்ற எண்ணம் அதற்குக் காரணம். 'ஆக்கம்' என்ற சொல்லில் அந்தத் தயக்கத்துக்கு இடமில்லை. ஏற்கெனவே இருப்பதை எடுத்து வேறொன்றாக மாற்றும் மனித வேலையையே அது குறிக்கிறது.

ஒரே வினையின் கீழ் வந்தாலும் கவிஞனுக்கும் அடுப்படியில் நிற்பவளுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. கவிஞன் தன் ஆக்கம் நிலைக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறான். அவளுடைய ஆக்கமோ உண்ணப்படும்போதுதான் நிறைவேறுகிறது. பானை காலியானால் அவளுக்கு மகிழ்ச்சி, மிஞ்சினால்தான் கவலை. அவளை யாரும் கலைஞர் என்று அழைப்பதில்லை என்பது வேறு விடயம்.

மேற்கத்தியச் சிற்பக்கலை நெடுங்காலமாகக் கவிஞனின் பக்கமே நின்றது. பளிங்கும் வெண்கலமும் காலத்தை வெல்வதற்கான பொருட்கள். 1960களில் சிலர் அடுப்படியின் பக்கம் திரும்பினார்கள். அவர்களில் முக்கியமானவர் டீற்றர் றோத். 1930இல் ஜெர்மனியில் பிறந்து, சுவிற்சர்லாந்திலும் ஐஸ்லாந்திலும் வாழ்ந்து, 1998இல் பாசல் நகரில் மறைந்தவர். அவர் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் அரைத்து, கொழுப்பும் வாசனைத் திரவியங்களும் சேர்த்து, சொசேஜ் உறைகளில் அடைத்தார். தத்துவஞானி ஹேகலின் 20 தொகுதிகளும் 1974இல் அவர் கையில் 20 சொசேஜ்களாயின. அறிவை நாம் 'செரித்துக்கொள்கிறோம்' என்று சொல்வதைச் சொல்லுக்குச் சொல் செய்து காட்டிய பகிடி அது.

1968இல் றோத் தன் மார்பளவு உருவத்தைச் சொக்லட்டிலும் பறவைத் தீனியிலும் வார்த்தார். ஜேம்ஸ் ஜொய்ஸ் தன் நாவலின் தலைப்பில் கலைஞனை இளைஞனாகக் காட்டினார் அல்லவா? அதைக் கிண்டல் செய்வதுபோல றோத் தன்னைப் பறவைகளுக்கான தீனியாகவும் ஒரு கிழவனாகவும் காட்டினார். உருவத்தை வெளியே வைக்க வேண்டும். பறவைகள் கொத்தித் தின்ன வேண்டும். தன் முகத்தைக் காலத்துக்கு எதிராக நிறுத்துவதற்காகவே சிலை வடிக்கும் உலகில், தன் முகத்தைக் காக்கைக்கும் குருவிக்கும் கொடுக்கும் சிலை இது. உருவச்சிலை என்றதும் மனம் சுளிக்கும் வாசகர்கூட இந்தச் சிலையின் முன்னே சற்று நின்று யோசிக்கக்கூடும். வணக்கத்துக்கோ புகழுக்கோ இதில் இடமே இல்லை.

இரண்டு ஆண்டுகள் கழித்து, 1970இல், லொஸ் ஏஞ்சல்ஸ் நகரின் ஒரு கலைக்கூடத்தில் 37 சூட்கேஸ்களில் சீஸ் கட்டிகளை நிரப்பி, நாளுக்கு ஒரு பெட்டியாகத் திறந்து வைத்தார். சில நாட்களில் நாற்றம் தாங்க முடியவில்லை. புழுக்களும் இலையான்களும் பெருகின. சுகாதார அதிகாரிகள் வந்தார்கள். உணவை வீணாக்குவது கலையா என்ற கோபம் இந்த இடத்தில்தான் உச்சத்துக்கு வருகிறது.

அந்தக் கோபத்துக்கு ஒரு கணக்கைச் சொல்லலாம். ஐக்கிய நாடுகள் சுற்றாடல் நிகழ்ச்சித்திட்டம் 2024இல் வெளியிட்ட அறிக்கையின்படி, 2022இல் மட்டும் உலகின் வீடுகளும் உணவகங்களும் கடைகளும் 105 கோடி தொன் உணவை வீசியிருக்கின்றன. நுகர்வோருக்குக் கிடைக்கும் உணவில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு அது. அதில் பெரும்பகுதி வீடுகளிலிருந்து போனது. கறுப்புப் பையில் கட்டி, விடியற்காலையில் வண்டியில் ஏற்றி, நமக்கு மணக்காத தூரத்துக்கு அனுப்பிவிடுகிறோம். றோத்தின் 37 பெட்டிகள் செய்தது, அந்த மணத்தை நம் மூக்குக்குத் திருப்பிக் கொண்டுவந்ததுதான். வீண்விரயத்தை மறைப்பவன் ஒருவன், காட்டுபவன் இன்னொருவன். இருவரும் வீணாக்குகிறார்கள் என்பது உண்மை. எனினும் இருவரையும் ஒரே தட்டில் வைக்க முடியாது.

ஆயினும் இந்தப் பதில் முழுமையானதல்ல. 'உங்களுக்குக் காட்டத்தான் வீணாக்கினேன்' என்று எவரும் எதற்கும் சொல்லிவிடலாம். பசித்தவனின் முன் இந்தச் சாட்டு எடுபடாது. ஆகவே இன்னொரு கேள்வியும் கேட்க வேண்டியிருக்கிறது. ஒரு பொருள் அழியும்போது ஓர் இழப்பு உண்டாகிறது. அந்த இழப்பை யார் சுமக்கிறார்? இக்கேள்வியை எடுத்துக்கொண்டு சில ஆக்கங்களின் அருகில் போய்ப் பார்ப்போம்.

*

அமெரிக்கக் கலைஞர் ஸோயி லெனர்ட் தன் நண்பரான ஓவியர் டேவிட் வொய்னரோவிச்சை 1992இல் எயிட்ஸ் நோய்க்குப் பறிகொடுத்தார். அக்காலத்தில் அவருடைய சிநேகிதர் பலர் அவ்வாறே போய்க்கொண்டிருந்தார்கள். ஒரு நாள் பழத்தைத் தின்றபின் தோலை வீச மனமில்லாமல் ஊசியும் நூலும் எடுத்து அதைத் தைத்து மூடினார். பிறகு அது வழக்கமாயிற்று. தோடம்பழம், வாழைப்பழம், எலுமிச்சை, அவக்காடோ என்று 1997 வரை ஏறத்தாழ முந்நூறு தோல்கள். சிலவற்றுக்கு நூல், சிலவற்றுக்குக் கம்பி, சிலவற்றுக்கு பொத்தானும் ஸிப்பும். பழம் உள்ளே இல்லை; அது திரும்பி வரப்போவதுமில்லை. தைத்து என்ன பயன்? மையித்து வீட்டில் இருந்து பழகியவர்களுக்கு இந்தக் கேள்வி தேவைப்படாது. இறந்தவரின் சட்டையை மடித்து வைப்பவர் அவர் திரும்பி வந்து உடுத்துவார் என்று எண்ணி மடிப்பதில்லை.

இந்த ஆக்கத்தின் வரலாற்றில் முக்கியமான நிகழ்ச்சி பின்னர் நடந்தது. பழத்தோல்கள் மேலும் சிதையாமல் காப்பதற்காகப் பாதுகாப்பு நிபுணர் கிறிஸ்டியன் ஷைடமனை அவர் நாடினார். ஷைடமன் நீண்ட காலம் முயன்று, தோலை உறைய வைத்து வேதிப்பொருள் ஊட்டி நிலைநிறுத்தும் ஒரு முறையைக் கண்டுபிடித்தார். முறை வெற்றி. அதைப் பார்த்தபின் லெனர்ட் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அழிவு நின்றுபோனால் அந்தத் தோல்கள் வேறெதுவோ ஆகிவிடுகின்றன என்பதை வெற்றி கிடைத்த பிறகுதான் அவர் உணர்ந்தார். பிலடெல்பியா கலை நூதனசாலை அவற்றைப் பாதுகாக்கப்படாத நிலையிலேயே, நாளுக்கு நாள் சுருங்கிக் கறுக்கும் நிலையிலேயே, தன் சேகரிப்பில் ஏற்றுக்கொண்டது. காப்பதையே தொழிலாகக் கொண்ட நிறுவனம், காக்காமலிருக்கச் சம்மதித்த அபூர்வம் இது.

இங்கே இழப்பைச் சுமப்பவர் ஆக்கியவரே. தன் உழைப்பின் பலன் தன் கண்முன்னே தூளாவதை அவர் ஏற்றுக்கொண்டிருக்கிறார்.

கியூபாவில் 1957இல் பிறந்து அமெரிக்காவில் வாழ்ந்த பீலிக்ஸ் கொன்ஸாலஸ்-டொறஸின் ஆக்கம் இன்னும் எளிமையானது. அவருடைய துணைவர் றொஸ் 1991இல் எயிட்ஸ் நோயால் இறந்தார். அவ்வாண்டில் அவர் ஒரு மண்டபத்தின் மூலையில் பளபளக்கும் தாள்களில் சுற்றிய இனிப்புகளைக் குவித்தார். அதற்கு அவர் குறித்த எடை 175 இறாத்தல், அதாவது ஏறத்தாழ 79 கிலோ. ஆரோக்கியமாக இருந்த காலத்தில் றொஸின் உடல் எடை அதுவென்று பொதுவாகக் கொள்ளப்படுகிறது. பார்க்க வருபவர் யாரும் ஓர் இனிப்பை எடுத்துத் தின்னலாம். குவியல் குறைகிறது. நோயாளியின் உடலும் அப்படித்தான் குறைந்தது. எடுத்தவர் வாயில் இனிப்பு. அந்த இனிப்பின் மூலம் அவர் ஒரு மனிதர் தேய்ந்துபோவதில் பங்காளி. நூதனசாலைக்காரர் குவியலை மீண்டும் நிரப்பலாம். அத்தகைய உறவை ஏற்பதும் மறுப்பதும் நம் மார்க்கத்துக்கும் மனத்துக்கும் உட்பட்டது. ஆனால் துக்கத்தை இந்தளவு தாராளமாகப் பங்கிட்டுக் கொடுத்த இன்னொரு சிற்பத்தை நான் அறியேன். அதை ஆக்கியவரும் 1996இல் அதே நோயால் இறந்தார்.

*

சிற்பத்தில் பழம் அழுகுகிறது என்றால், சினிமாவில் படச்சுருளே அழுகுகிறது. 1950களின் தொடக்கம் வரை படங்கள் நைத்திரேற்றுச் சுருள்களில்தான் பெரும்பாலும் பதிவாயின. அழகான ஒளியைத் தரும் பொருள் அது. ஆனால் எளிதில் தீப்பற்றும். பெட்டிக்குள் சும்மா கிடந்தாலும் அமிலத்தைக் கசிந்து தன்னைத் தானே தின்னும். முதலில் ஒட்டும், பிறகு நுரைக்கும், இறுதியில் பழுப்புத் தூளாகும். 1912 முதல் 1929 வரை அமெரிக்காவில் வெளியான மௌன முழுநீளப் படங்கள் ஏறத்தாழ 11,000. அவற்றில் மூல வடிவிலேயே எஞ்சியவை 14 வீதம் மட்டுமே என்று அந்நாட்டுக் காங்கிரஸ் நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வு கூறியது.

பில் மொறிசன் என்ற அமெரிக்கர் இவ்வாறு பாதி அழிந்த சுருள்களை ஆவணக் காப்பகங்களிலிருந்து தேடியெடுத்து, 'டெகாசியா' என்ற படத்தை 2002இல் வெளியிட்டார். மைக்கல் கோர்டனின் இசை, ஒரு மணித்தியாலத்துக்கு மேல் ஓடும் சிதைந்த காட்சிகள், வேறொன்றும் இல்லை. தொடக்கத்தில் ஒரு சூபி தர்வேஷ் சுழல்கிறார். முடிவிலும் அவரே சுழல்கிறார். இடையில் ஒரு குத்துச்சண்டை வீரன் வருகிறான். அவன் குத்தும் இடத்தில் பயிற்சி மூட்டை இருந்திருக்க வேண்டும். சுருளின் அந்தப் பகுதி அழுகிவிட்டது. எனவே அவன் கொதித்துப் பொங்கும் ஓர் அழுகலை நோக்கியே குத்திக்கொண்டிருக்கிறான். அவன் எப்போதோ இறந்திருப்பான். அவன் பிம்பமும் இறந்துகொண்டிருக்கிறது. ஆனாலும் கை ஓய்வதில்லை.

இவ்வழிவை மொறிசன் உண்டாக்கவில்லை. பெட்டிகளுக்குள் யாரும் பாராமல் நடந்துகொண்டிருந்ததை வெளியே எடுத்துக் காட்டினார். இழப்பு நிகழ்ந்தது, ஆனால் அதற்காகத் துக்கப்பட ஒருவருமில்லை. அந்த வெற்றிடத்தை அவர் படம் நிரப்புகிறது. அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 2013இல் இப்படமும் சேர்க்கப்பட்டது. அழிவைப் பற்றிய படம் அழியாமல் காக்கப்பட வேண்டியவற்றின் பட்டியலில் இடம்பிடித்த முரண் கவனிக்கத்தக்கது.

பார்ப்பது மட்டும் போதுமா என்ற கேள்வியை முன்னரே கேட்டவர் பிரித்தானிய இயக்குநர் பீற்றர் கிரீனவே. 1985இல் வந்த அவருடைய 'எ ஸெட் அன்ட் டூ நோட்ஸ்' படத்தில் மிருகக்காட்சிச்சாலையில் பணிபுரியும் இரட்டைச் சகோதரர் இருவரின் மனைவியரும் ஒரே கார் விபத்தில் இறக்கின்றனர். ஏன் இறந்தார்கள் என்று அவர்களுக்கு விளங்கவில்லை. எனவே அழுகலைப் படமெடுக்கத் தொடங்குகிறார்கள். முதலில் ஓர் அப்பிள். பிறகு இறால், மீன், முதலை, அன்னம், நாய், வரிக்குதிரை. ஒவ்வொரு படியாக மனிதனை நெருங்கி, இறுதியில் தங்கள் உடல்களையே கமராவின் முன் கிடத்துகிறார்கள். நத்தைகள் வந்து கருவிகளை மூடி மின்சாரத்தை நிறுத்திவிடுகின்றன. கடைசிப் படம் எடுபடவில்லை. அழிவை அளந்துவிட்டால் ஆறுதல் கிடைக்கும் என்று நினைத்தவர்களுக்கு அளவு கிடைத்தது, ஆறுதல் கிடைக்கவில்லை. லெனர்டின் ஊசியும் நூலும் அறிந்ததை இவர்களுடைய கமரா அறியாமல் போயிற்று.

*

இதுவரை கண்டவை அழிவைப் பற்றியவை. நுகர்வு வேறொரு விடயம். பழம் தானாக அழுகுவதற்கும் ஒருவர் அதைத் தின்பதற்கும் உள்ள வேறுபாட்டைச் செக் நாட்டு இயக்குநர் யான் ஷ்வாங்மேயர் இடைவிடாமல் ஆராய்ந்தவர். களிமண்ணும் உண்மையான உணவுப் பொருட்களும் அவர் கையில் சட்டம் சட்டமாக உயிர் பெறுபவை. அவரைச் சிற்பி என்பதா, திரைப்படக்காரர் என்பதா என்று சொல்வது கடினம். 1982இல் அவர் எடுத்த 'உரையாடலின் பரிமாணங்கள்' என்ற குறும்படத்தில் காய்கறிகளால் ஆன தலையொன்றும் பாத்திரங்களால் ஆன தலையொன்றும் சந்திக்கின்றன. ஒன்று மற்றதை விழுங்குகிறது, அரைக்கிறது, கக்குகிறது. பிறகு இன்னொரு தலை வருகிறது; மீண்டும் விழுங்கல், மீண்டும் கக்கல். ஒவ்வொரு தடவையும் துண்டுகள் சிறிதாகின்றன. முடிவில் எல்லாத் தலைகளும் ஒரே மாதிரியான வழுவழுப்பான களிமண் தலைகளாகிவிடுகின்றன. வேற்றுமையைத் தின்று தீர்த்தபின் எஞ்சும் ஒற்றுமை இது. அன்றைய செக்கோஸ்லோவாக்கிய அதிகாரிகளுக்கு இப்படம் பிடிக்காமல் போனதில் வியப்பில்லை.

1992இல் வந்த 'உணவு' இன்னும் நேரடியானது. காலை, மதியம், இரவு என்று மூன்று வேளைகள். மதிய உணவுக்காக வசதியான ஒருவனும் வறியவன் ஒருவனும் ஒரே மேசையில் அமர்கிறார்கள். பரிசாரகன் திரும்பியும் பார்ப்பதில்லை. பசி தாளாமல் பூச்சாடியைத் தின்கிறார்கள், உடைகளைத் தின்கிறார்கள், மேசையையும் கதிரையையும் தின்கிறார்கள். தின்பதற்கு ஒன்றும் மிஞ்சாதபோது வசதியானவன் வறியவனை நோக்கித் திரும்புகிறான். 17 நிமிடப் படம். ஒரு பொருளாதார நூலின் சாரம் அதில் அடங்கியிருக்கிறது.

இவ்விடத்தில் நம் கேள்வி கூர்மையடைகிறது. டேமியன் ஹேர்ஸ்ட் 1991இல் அவுஸ்திரேலியக் கடலில் ஒரு புலிச்சுறாவைப் பிடிப்பித்து, போமலின் நிரம்பிய கண்ணாடித் தொட்டியில் இட்டு, மரணத்தைப் பற்றிய ஆக்கமாகக் காட்டினார். சாச்சி என்ற விளம்பரத்துறைச் செல்வந்தர் அதற்குப் பணம் கொடுத்தார். சுறா உள்ளிருந்து அழுகத் தொடங்கியது, தொட்டி கலங்கியது. ஆக்கம் பெருவிலைக்குக் கைமாறிய பிறகு, 2006இல், இன்னொரு சுறாவைக் கொன்று பழையதன் இடத்தில் வைத்தார்கள். மரணம் பற்றிய சிற்பம் தானே மரணிக்க மறுத்துவிட்டது. இழப்பை யார் சுமந்தார்? வாங்கியவரல்ல, விற்றவரல்ல, ஆக்கியவருமல்ல. இரண்டாவது சுறாவே சுமந்தது.

இத்தாலியரான மவுரிசியோ கட்டெலான் 2019இல் ஒரு வாழைப்பழத்தைச் சாம்பல் நிற டேப்பினால் சுவரில் ஒட்டி 120,000 டொலருக்கு விற்றார். 2024 நவம்பரில் அதன் ஒரு பிரதி நியூயோர்க் ஏலத்தில் 62 இலட்சம் டொலருக்குப் போயிற்று. வாங்கியவர் மின்னெண் நாணய வணிகர். ஹொங்கொங்கில் செய்தியாளரைக் கூட்டி அவர்கள் முன் அந்தப் பழத்தைத் தின்றார். ஆனால் அவருக்கு ஒரு சதமும் நட்டமில்லை. அவர் வாங்கியது சான்றிதழையும், பழம் கெட்டால் புதிதாக எப்படி ஒட்டுவது என்ற குறிப்பையும்தான். டெய்லர்-வூட்டின் மேசையில் கிடந்த பிளாஸ்டிக் பேனையைப் போல அந்தச் சான்றிதழ் அழுகுவதில்லை. ஏலத்தில் காட்டிய பழம் தெருவோரக் கடையொன்றில் 35 சதத்துக்கு வாங்கப்பட்டது. அதை விற்றவர் வங்காளதேசத்திலிருந்து பிழைப்புத் தேடி வந்த ஒரு கூலியாள். தான் விற்ற பழத்தின் கதையைப் பத்திரிகையாளர் சொன்னபோது அவர் அழுதார் என்பது செய்தி. பழத்தை ஒட்டியதை விட, அதைத் தின்றதை விட, இந்தக் கண்ணீர்தான் அந்த ஆக்கத்தின் பொருளைத் தெளிவாகச் சொல்கிறது.

இங்கே ஒரு மறுப்பு எழலாம். கொன்ஸாலஸ்-டொறஸின் இனிப்புக் குவியலும் சான்றிதழோடுதான் கைமாறுகிறது. அதையும் திரும்ப நிரப்பலாம். அவருடைய இனிப்புக் குவியல்களும் ஏலத்தில் மில்லியன் கணக்கில் விலைபோயுள்ளன. அப்படியாயின் அதைப் புகழ்ந்து இதைப் பழிப்பது ஏன்? நியாயமான மறுப்புதான். சந்தை இரண்டையும் ஒரே விதமாக விழுங்கியிருக்கிறது என்பதை மறைக்க முடியாது. ஆனால் தின்பது யார் என்று பார்த்தால் வேறுபாடு தெரியும். இனிப்புக் குவியலின் சொந்தக்காரர் அதை வருவோர் போவோர்க்கெல்லாம் கொடுக்கக் கடமைப்பட்டவர். வாழைப்பழத்தின் சொந்தக்காரர் தான் தின்ன, மற்றவர் பார்த்துக்கொண்டிருந்தனர்.

*

உணவுச் சிற்பம் புதிய கண்டுபிடிப்புமல்ல. 11ஆம் நூற்றாண்டில் பாத்திமியர் ஆண்ட கெய்ரோவுக்குச் சென்ற பாரசீகப் பயணி நாஸிர் குஸ்ரவ், சுல்தானின் விருந்தில் முழுக்க முழுக்கச் சீனியால் செய்த ஒரு மரத்தைக் கண்டதாகத் தன் பயண நூலில் எழுதினார். பின்னர் ஐரோப்பிய அரச சபைகளிலும் சீனிச் சிற்பங்கள் விருந்து மேசைகளை அலங்கரித்தன. ஆங்கிலத்தில் அவற்றுக்குச் 'சட்டில்ட்டி' என்று பெயர். சீனி அரிதாக இருந்த காலத்தில் அதைச் சிற்பமாக்கி உடைத்துத் தின்பது அதிகாரத்தின் அடையாளமாயிருந்தது. அந்த இனிப்புக்கான ஆசை வளர்ந்தபோது, கரும்புத் தோட்டங்களுக்காக ஆபிரிக்காவிலிருந்து இலட்சக்கணக்கான மனிதர் அடிமைகளாக அட்லாண்டிக்கைக் கடக்க வைக்கப்பட்டனர்.

கறுப்பின அமெரிக்கக் கலைஞர் கேரா வோக்கர் அந்தப் பழைய பெயரையே எடுத்து, 2014இல் நியூயோர்க்கின் புரூக்ளினில் மூடிக்கிடந்த டொமினோ சீனி ஆலையில் ஒரு பெரும் சிற்பத்தை வைத்தார். ஏறத்தாழ 75 அடி நீளம், 35 அடி உயரம். வெண்சீனி பூசிய, ஸ்பிங்ஸ் போலப் படுத்திருக்கும் ஒரு கறுப்பினப் பெண். அவளைச் சுற்றிக் கூடை சுமக்கும் சிறுவர்களின் உருவங்கள். அவற்றில் சில பாகும் சீனியுமாக வார்க்கப்பட்டவை. கோடை வெப்பத்தில் அச்சிறுவர்கள் உருகினார்கள், கைகள் கழன்று விழுந்தன, தரையில் பாகு பரவியது. கூலியின்றி உழைத்தவர்களுக்குத் தன் ஆக்கத்தை அர்ப்பணிப்பதாக அதன் நீண்ட தலைப்பிலேயே வோக்கர் சொல்லியிருந்தார். ஆயினும் வந்தவர்களில் சிலர் சிற்பத்தின் உடலைக் கேலி செய்து படமெடுத்துக்கொண்டார்கள். அதையும் அந்த ஆக்கம் அம்பலப்படுத்தியது. பழைய நுகர்வு கரும்பை அரைத்தது. புதிய நுகர்வு கைத்தொலைபேசியால் அரைக்கிறது. கண்காட்சி முடிந்ததும் சிற்பம் கலைக்கப்பட்டது. அது நின்ற கட்டடமும் இடிக்கப்பட்டது.

இழப்பை யார் சுமக்கிறார் என்ற கேள்விக்கு வோக்கரின் ஆலை மிகக் கடினமான விடையைத் தருகிறது. நம் மேசைக்கு வரும் எல்லா இனிப்புக்கும் பின்னால், நம் கண்ணில் படாத யாரோ தேய்ந்திருக்கிறார்கள்.

*

இவற்றிலிருந்து மூன்று சொற்களைப் பிரித்து வைத்துக்கொள்ளலாம்: அழிவு, அழிப்பு, கைவிடல்.

அழிவு பொருளின் இயல்பு. அதை ஏற்று ஆக்குபவர் றோத்தும் லெனர்டும். அழிப்பு மனிதரின் செயல். 1939இல் சிறுவனாக நாஸி ஜெர்மனியிலிருந்து தப்பி இங்கிலாந்துக்கு வந்து, பெற்றோரை அந்தப் படுகொலையில் இழந்த குஸ்தாவ் மெட்ஸ்கர், 1961இல் லண்டனில் நைலோன் திரைகளின்மீது அமிலத்தைத் தெளித்து அவை உருகி விழுவதை மக்களுக்குக் காட்டினார். 'சுய அழிவுக் கலை' என்று அவர் அதற்குப் பெயரிட்டது, அணுவாயுதம் குவிக்கும் அரசுகளுக்கு அவர்களுடைய முகத்தைக் காட்டுவதற்காகவே. எரிந்த நூலகங்களையும் இடிந்த வீடுகளையும் கண்ட நாட்டவரான நமக்கு இந்த இரு சொற்களுக்கும் உள்ள தூரத்தை விளக்கத் தேவையில்லை. அழிவில் தத்துவம் காணலாம். அழிப்புக்குத் தத்துவம் சொல்வோரிடம் எச்சரிக்கையாக இருக்க வேண்டும்.

மூன்றாவது சொல்லே நம்மை நேரடியாகத் தொடுகிறது. லெனர்ட் தன் பழத்தோல்களைக் காக்க வேண்டாம் என்று முடிவு செய்தது, காக்கும் வழி கைக்கு வந்தபின். அது தெரிவு. நைத்திரேற்றுச் சுருள்கள் பெட்டிக்குள் தூளானது யாருடைய தெரிவுமல்ல, கவனமின்மை. நம் பக்கத்திலும் இதற்கு உதாரணம் தேடி அலைய வேண்டியதில்லை. அரபுத்தமிழில் கைப்பட எழுதிய கிதாபுகளும் பாடல் ஏடுகளும் பழைய வீட்டு அலுமாரிகளில் கறையானுக்கும் ஈரத்துக்கும் இரையாகிக்கொண்டிருக்கின்றன. "எல்லாம் அழிந்துபோகக் கூடியவைதானே" என்று அதற்குச் சமாதானம் சொல்வது நிலையாமையை அறிந்த ஞானமாகாது. அந்த இழப்பைச் சுமக்கப்போவது நாமல்ல, அவற்றை இனி ஒருபோதும் வாசிக்க முடியாத நம் பேரப்பிள்ளைகள். பிறர் தலையில் ஏற்றிவிட்டு நாம் துறவு பேசுகிறோம்.

ஆகவே, உணவை வீணாக்குவது கலையா என்று கோபித்த நண்பருக்கு நான் சொல்லக்கூடிய பதில் இதுதான். அழுகும் ஆக்கமொன்றின் முன் நின்றால் மூன்றைக் கேளுங்கள். இதன் இழப்பை ஏற்றுக்கொண்டவர் யார்? அவர் தானே விரும்பி ஏற்றாரா, அல்லது அவர்மீது ஏற்றப்பட்டதா? இதைப் பார்த்தபின் நம் வீட்டுக் குப்பைப் பை கொஞ்சமாவது நம் கண்ணில் படுகிறதா? மூன்றுக்கும் நேர்மையான விடை கிடைத்தால் அந்த 37 பெட்டி சீஸை மன்னித்துவிடலாம். கிடைக்காவிட்டால், அது எத்தனை மில்லியனுக்கு விலைபோனாலும், சுவரில் ஒட்டிய பழம்தான். அதை விட, பசித்த ஒருவர் வாங்கித் தின்ற 35 சதப் பழம் மேல்.